கரையில் நட்ட சாமி

அன்புள்ள அப்பாவுக்கு நமஸ்காரம். உங்கள் இருமல் குறைந்ததா? அம்மா வேளைக்குச் சாப்பிடுகிறாளா?

நேற்று தாசில்தார் கேட்ட ஒரு கேள்விக்கு நான் உண்மையைச் சொல்லவில்லை. உங்களிடம் சொல்லிவிடுகிறேன்.

நான் குடியிருக்கும் இந்த வைகைக் கரை முன்பு வெறும் நாணல் காடு. மில் வேலைக்கு வந்தவர்கள் நாணலை வெட்டிக் குடிசை போட்டார்கள். மணலில் தோண்டிய ஓர் ஊற்றுதான் எல்லா வீட்டுக்கும். ஊற்றுக்காகக் காலையில் சண்டை போடுவார்கள். யாருக்காவது காய்ச்சல் என்றால் முதல் குடம் அந்த வீட்டுக்குத்தான் போகும்.

சர்க்கார் கரை கட்டப்போகிறது, குடிசைகள் போய்விடும் என்று பேச்சு வந்தது. பழைய ஊர் என்று காட்டுவதற்காகப் பக்கத்து வீட்டுச் சோணை போன மாதம் ஒரு கல்லை நட்டு, எண்ணெய் தடவி, மஞ்சள் துணி கட்டினார். நான் பார்த்துக்கொண்டிருந்தேன்.

"இந்தக் கோயில் எத்தனை வருஷமா இருக்கு?" என்றார் தாசில்தார்.

"பாட்டன் பூட்டன் காலத்துச் சாமிங்க" என்றார் சோணை.

அவர் மனைவி ஒச்சாயி, "அம்புட்டுத் துடியான சாமி! தொட்டவுக வீட்டுல வெளக்கு எரியாதுங்க" என்றாள்.

"டீச்சரம்மா, நீங்க படிச்சவங்க. சொல்லுங்க" என்று தாசில்தார் என் பக்கம் திரும்பினார்.

ஒச்சாயி பின்னாலிருந்து என் முந்தானையைப் பிடித்திருந்தாள். நான் கல்லைப் பார்த்துக் கும்பிட்டேன். அவரும் செருப்பைக் கழற்றிவிட்டுக் கும்பிட்டார்.

நீங்கள் கவலைப்பட ஒன்றுமில்லை. யாராவது இந்தப் பக்கம் வந்தால் அம்மாவின் பழைய போர்வையைக் கொடுத்தனுப்புங்கள். துவைக்க வேண்டாம். தபால்காரர் வந்துவிட்டார்.

வசுந்தரா

பி.கு. தபால்காரர் கையோடு சர்க்கார் உத்தரவும் வந்திருக்கிறது. சாமி கல்லை யாரும் தொடக் கூடாதாம். வீடுகளை வெள்ளிக்கிழமைக்குள் காலி செய்ய வேண்டும்.