காப்பி குடித்தும் முடியாத கராறு

காலையில் வாசல் தெளிக்கக் கதவைத் திறந்தேன். மாம்பூவுக்கு அடிக்கிற மருந்து வாசனை முகத்தில் வந்து அடித்தது. தை மாதம் முழுக்க நீங்கள் அந்த வாசனையோடுதான் வீட்டுக்குள் வருவீர்கள். குளிக்காமல் சோற்றில் கை வைக்காதீர்கள் என்று நான் கத்துவேன். ஒரு நொடி நீங்கள்தான் தோப்பில் நிற்கிறீர்கள் என்று நினைத்துவிட்டேன், பாருங்கள். நின்றவர்கள் தோப்பை வாங்குகிற வியாபாரியின் ஆட்கள். நாளைக்குக் கோர்ட்டு ஆமீன் வந்து வீட்டையும் தோப்பையும் அவரிடம் ஒப்படைக்கப் போகிறார். அதுவரை பூ காத்திருக்காதாம்.

உங்கள்மேல் எனக்கு இன்னும் கோபம் தீரவில்லை. போனவரோடு சண்டை பிடிக்கிறாளே என்று யார் சொன்னாலும் சொல்லட்டும்.

அடுத்தடுத்துப் பூ கருகியபோது விற்றுவிடலாம் என்றீர்கள். நானும் தலையாட்டினேன். பொள்ளாச்சியில் மகள் வீட்டுப் பக்கம் சின்னதாக ஓர் இடம் பார்த்துக்கொள்ளலாம் என்று நினைத்தோம். வருஷா வருஷம் நம் காயை எடுக்கிற வியாபாரியே வீட்டோடு சேர்த்துத் தோப்பைக் கேட்டார். விற்கிறோம் என்று கராறுப் பத்திரம் எழுதி அட்வான்ஸ் வாங்கினீர்கள். கிரயம் முடிவதற்குள் மருமகன் லாரியில் அடிபட்டுப் போனார். காரியம் முடிந்த கையோடு, ராசியில்லாதவள் என்று மாமியார் நம் பெண்ணை மாட்டுக் கொட்டகையை ஒட்டிய அறையில் படுக்க வைத்தாள். நீங்கள் போய்க் கைக்குழந்தையோடு கூட்டி வந்தீர்கள். கோபாலபுரம் செக்போஸ்ட் தாண்டி நம் மலையாளத்து எல்லைக்குள் வந்த பிறகுதான், "நம்மூடுன்னு ஒண்ணு இருக்கறப்ப எம்புள்ள எதுக்கு அடுத்தவங்கூட்டு வாசல்ல நிக்கோணும்?" என்றீர்கள். விற்பதில்லை என்று அன்றைக்கே முடிவாகிவிட்டது.

மறுநாள் அட்வான்ஸைத் துண்டில் கட்டிக்கொண்டு வியாபாரி வீட்டுக்குப் போனீர்கள். இந்தப் பக்கத்து வழக்கம் அதுதானே? பூவைப் பார்த்து விலை பேசுவோம். பூ கருகினால் வாங்கிய பணத்தைத் திருப்பி வைத்து, அவர் வீட்டில் ஒரு காப்பி குடித்துவிட்டு எழுந்தால் பேச்சு முடிந்தது. அடுத்த வருஷம் இரண்டு பேரும் பழையபடி சிரித்துக்கொண்டே விலை பேசுவார்கள். நீங்களும் பணத்தை மேஜைமேல் வைத்தீர்கள், காப்பி குடித்தீர்கள், வந்தீர்கள். "முடிஞ்சுது புள்ள. காப்பி குடுத்துட்டாருல்ல!" என்று சட்டையைக் கழற்றிக்கொண்டே சொன்னீர்கள். அன்று ராத்திரி நன்றாகச் சாப்பிட்டீர்கள்.

அந்த வாரமே அவருடைய ஆள் பணத்தைத் திருப்பிக் கொண்டுவந்து வைத்துவிட்டுப் போனான். பின்னாலேயே வக்கீல் நோட்டீஸ் வந்தது. தோப்போரமாகப் பெரிய ரோடு வரப்போகிறது என்ற பேச்சு அதற்குள் ஊரெல்லாம் பரவியிருந்தது. வக்கீலைப் பார்க்கலாம் என்று நான் கரடியாகக் கத்தினேன். "அட, வக்கீலுக்கும் பொழப்பு ஓடோணுமல்ல, எளுதறான். காப்பி குடுத்த மனுசன் கேசு போடுவாரா?" என்றீர்கள்.

போட்டார். கூண்டில் நின்று நீங்கள் அந்தக் காப்பியைப் பற்றிச் சொன்னதை இப்போது நினைத்தாலும் எனக்கு ஆத்திரமாக வருகிறது. "எங்கூருல அப்படித்தானுங்க சாமி" என்று கையெடுத்துக் கும்பிட்டீர்கள். யாரோ சிரித்தார்கள். நம் மலையாள வக்கீல் வெளியே வந்து என்னிடம், "அம்மே, கராறு எழுதின பின்னே வந்த கஷ்டத்தைக் கோர்ட்டு நோக்கில்லா. வாங்கறவன் பாக்கிப் பணத்தோட தயாரா நிக்கறான். பின்னே எழுதிக் கொடுக்கணும்" என்றார். மருமகன் செத்தது, பேரக்குழந்தை, எதுவும் கணக்கில் வரவில்லை.

தீர்ப்பு வருமுன் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு போய்விட்டீர்கள். கெட்டிக்காரர். வாசிக்கும்போது நான்தான் நின்றேன். கிரயத்தில் கையெழுத்துப் போட மாட்டேன் என்று வீம்பு பிடித்தேன். என் கையெழுத்து யாருக்கு வேண்டும்? எனக்குப் பதிலாகக் கோர்ட்டே ஆளை வைத்துப் போட்டுக்கொண்டது. அன்று பேசிய விலைக்குப் பணம் கோர்ட்டில் கிடக்கிறது. தோப்பின்மேல் இருக்கிற பேங்குக் கடன் போக மிச்சத்தில், ஏறிக் கிடக்கிற இந்த விலைவாசியில் ஓட்டு வீடு ஒன்றுகூட வாங்க முடியாது. அப்பீலுக்குப் போக என்னிடம் தெம்பும் இல்லை.

மத்தியானம் மகள் என் பக்கத்தில் வந்து உட்கார்ந்தாள். குழந்தையின் துணியை மடித்துக்கொண்டே, என் முகத்தைப் பார்க்காமல், "அங்க போன் பண்ணிப் பேசிட்டேம்மா. அத்தை வரச் சொல்லீட்டாங்க. அந்த அறையவே தர்றாங்களாம்" என்றாள்.

நீங்கள் இருந்திருந்தால் வீடே அதிர்ந்திருக்கும். போகாதே என்று சொல்லத்தான் நானும் வாயெடுத்தேன். எங்கே இரு என்று சொல்வது? நாளைக்கு எந்த வீட்டைக் காட்டுவது?

"கூட்டீட்டுப் போக எத்தன மணிக்கு வர்றாங்க கண்ணு?" என்றுதான் கேட்டேன்.