காத்திருக்கிறவள் என்ற பேர்

25-7-1954, ஞாயிறு
ஆராதனை முடிந்து வரும் வழியில் ராஜதாஸ் சொன்னார்: என் பள்ளிக்கூட வேலையை விட்டுவிட்டு நானும் அவரோடு, எங்கள் ஊர்களைத் தமிழ்நாட்டோடு சேர்க்கக் கேட்கும் தமிழர் போராட்டத்துக்கு வரப்போவதாக மார்த்தாண்டம் கூட்டத்தில் அறிவித்துவிட்டாராம். என்னிடம் ஒரு வார்த்தை கேட்கவில்லை. ஏன் கேட்கவில்லை என்றதற்கு, "லீலா எதிர்த்து ஒண்ணும் சொல்லமாட்டான்னு எனக்குத் தெரியாதா?"

எப்போதும் இப்படித்தான். ஆனால் நல்லவர், அதுதான் சங்கடம். இவரைக் கட்டிக்கொள்ள வீட்டில் சண்டை பிடித்துச் சம்மதம் வாங்கியதும் நான்தானே! இப்போது அவர் வருகிறார் என்றாலே தலை வலிக்கிறது. கொஞ்ச நாள் விலகி இருந்து பார்க்கவா, ஒரேயடியாக முடித்துக்கொள்ளவா?

8-8-1954
முடித்துக்கொள்வதுதான். சனிக்கிழமை பாறசாலை பஸ் ஸ்டாண்டுக்கு வரச் சொன்னேன். "சந்தோஷ சங்கதியா?" என்றார். சிரித்து வைத்தேன்.

12-8-1954
நேற்று மார்த்தாண்டத்தில் போராட்டக்காரர்கள்மேல் போலீஸ் துப்பாக்கிச் சூடு. ஆட்கள் செத்திருக்கிறார்கள். ராஜதாஸ் உயிரோடு இருக்கிறார், பிடித்துக்கொண்டு போய்விட்டார்களாம்.

கேட்டதும் எனக்கு முதலில் தோன்றியது — அப்போ சனிக்கிழமை சொல்ல வேண்டாம். சீ, நானெல்லாம் ஒரு மனுஷியா!

22-8-1954, ஞாயிறு
புத்திகெட்ட காரியம் செய்துவிட்டேன். பெண்கள் ஜெபக்கூட்டத்தை நடத்தும் சுகிர்தபாய் அக்காவிடம், "ஒரு தீர்மானம் எடுக்கணும், எனக்காக ஜெபிக்கணும்" என்றேன். "எனக்கு அறியாம் மக்கா, விளக்கமா ஒண்ணும் சொல்லண்டாம்" என்று, எல்லாம் தெரிந்தவள்போல் கையைப் பிடித்துக்கொண்டாள். இன்று சபையில் பாதிரியார், ஜெயிலில் இருக்கும் ராஜதாஸுக்காகவும் அவருக்காகக் கண்ணீரோடு காத்திருக்கும் லீலாபாய்க்காகவும் ஜெபித்தார். எல்லாரும் ஆமென் சொன்னார்கள். நானும் சொன்னேன்.

18-9-1954
ராஜதாஸின் அம்மா ஆனந்தபாய் மாமியோடு இன்றும் திருவனந்தபுரம் ஜெயிலுக்குப் போனேன். "உன்னைக் கண்டாத்தான் அவன் முகம் தெளியும். நீதான் அவனுக்கு மருந்தாக்கும்" என்கிறாள்.

9-10-1954
இன்றும் சொல்லவில்லை.

11-10-1954
கூட வேலை பார்க்கும் விலாசினி டீச்சருக்கு மட்டும் விஷயம் தெரியும். "இப்பம் முறிச்சா ஊரு காறித்துப்பும். ஆளு வெளியில வரட்டும்" என்கிறாள். நான் வாயை மூடிக்கொண்டிருப்பது அவர்மேல் இரக்கப்பட்டா, ஊருக்குப் பயந்தா? பயந்துதான். இங்கேயாவது உண்மையை எழுதுகிறேன்.

20-11-1954, சனி
சொல்லிவிட்டேன்.

அவரே மாமியைத் தண்ணீர் கொண்டுவர அனுப்பிவிட்டு, "உனக்கு என்னமோ உண்டு, சொல்லு" என்றார். முதன்முறையாக என்னைக் கேட்டார்! கேட்டதற்கு இதுதான் கிடைத்தது, பாவம். பிறகு சொன்னார்:

"அம்மைகிட்ட நான் வெளியில வந்து சொல்லுதேன். அது வரைக்கும் அவளைக் கூட்டிட்டு வா. தனியா பஸ் ஏறி வர அவளுக்கு அறியாது."

கோபப்பட்டிருந்தால் கொஞ்சம் நிம்மதியாக இருந்திருக்கும். சரி என்றேன்.

27-2-1955, ஞாயிறு
விடுதலையாகிவிட்டார். மாலை போட ஊரே போயிருக்கிறது. எனக்குக் காய்ச்சல் என்று அம்மா எல்லாரிடமும் சொல்லிக்கொண்டிருக்கிறாள்.

13-3-1955, ஞாயிறு
ஆராதனை தொடங்குமுன் மாமி என் பக்கத்தில் வந்து உட்கார்ந்தாள். "அவன் எல்லாம் சொல்லியாச்சு." நான் அழுதுவிட்டேன்.

"அவன் வேண்டாம்னா வேண்டாம், அது உன் மனசு. போகும்போதும் வரும்போதும் உன் தோளில சாஞ்சு உறங்கினேனே மக்கா. அப்பம்கூட என்கிட்ட சொல்லத் தோணல்லியா?"

அவர்தான் சொல்ல வேண்டாம் என்றார் என்று சொல்லியிருக்கலாம். அதற்கு முன்னாலும் நான் சொல்லவில்லையே.

பாட்டு தொடங்கியதும் மாமி எழுந்து முன்வரிசைக்குப் போய்விட்டாள்.