நைனா இன்னா சொன்னாரு

காலையில் உன் பார்சல் வந்தது. பாரிசில் உன்னோடு ஒரே வீட்டில் குடியிருந்த அம்மாள் அனுப்பியிருக்கிறார். உள்ளே, குளிருக்கு நீ கழுத்தில் சுற்றிக்கொள்ளும் பச்சைச் சால்வை. பிரித்ததும் தேங்காய் எண்ணெய் வாசம். அழுகை வருவதற்கு முன்னால் எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. அந்த ஊரில் கிடைக்காத கிரீமா? நீ மட்டும் கடைசிவரை மேக்கப் கலைக்கத் தேங்காய் எண்ணெயைத்தான் தேய்த்துக்கொண்டிருந்தாய். அங்கிருந்த நடிகைகளுக்கும் அதைப் பழக்கிவிட்டதாக ஒருமுறை போனில் பெருமை அடித்தாய். நான் நம்பவில்லை. அப்புறம் சால்வையை மடியில் போட்டுக்கொண்டு நன்றாகவே அழுதேன்.

உனக்கு எழுத உட்கார்ந்ததற்குக் காரணம் அந்தச் சால்வை மட்டும் இல்லை. நீ ஒரு கேள்வியைக் கேட்டுக்கொண்டே இருந்துவிட்டுப் போய்விட்டாய். அதற்குப் பதில் கிடைத்திருக்கிறது.

திருப்புலிவனத்தில் நம் இரண்டு வீட்டுக்கும் நடுவே ஒரு வேலிதான். உங்க நைனா கூத்தில் பெண் வேஷம் கட்டுகிறவர். சுற்றுவட்டாரத்தில் எந்த ஊர்த் திருவிழா என்றாலும் ராணி வேஷம் அவருக்குத்தான். பகலில் லுங்கியும் பீடியுமாக மாட்டை அதட்டிக்கொண்டிருப்பவர், வேஷம் கட்டி வந்து நின்றால் நம் அம்மாக்களே புடவையைச் சரிசெய்துகொள்வார்கள். ஒருநாள் அவர் இல்லாத நேரம் அவருடைய சவுரி முடியை எடுத்து வைத்துக்கொண்டு நீ ராணியாக நடந்து காட்டினாய். பார்க்க ஆள் நான் ஒருத்திதான். திரும்பிப் பார்த்தால் நைனா நிற்கிறார். அவர் அடிக்கவில்லை. சவுரியை வாங்கி உதறிக்கொண்டே, “பொம்பள வேஷத்துக்குப் பொம்பள எதுக்கு?” என்று கேட்டுவிட்டு உள்ளே போய்விட்டார். அடித்திருந்தால் ஒரு வாரத்தில் மறந்திருப்பாய்.

பிறகு நீ பாண்டிச்சேரியில் ஒரு விடுதி வேலைக்குப் போனாய். அங்கே பிரெஞ்சு நாடகக்காரர்கள் வந்து தங்கினார்கள். அறை பெருக்கப் போனவள் அவர்கள் ஒத்திகையை எட்டிப் பார்த்து, நடிக்கத் தெரியுமா என்று அவர்கள் கேட்டதும் அதே ராணி நடையை நடந்து காட்டி, அவர்களோடு விமானம் ஏறிவிட்டாய். முதலில் பேச்சில்லாத வேஷம், தண்ணீர் தூக்குவது, ஓரமாக நிற்பது. பாஷை வந்த பிறகு வேலைக்காரி, நர்ஸ், யாருடைய அம்மாவோ. ஒரு நாடகத்தில் நிஜமாகவே ராணி. அன்று விடியற்காலையில் என்னை எழுப்பிச் சொன்னாய். பிறகு சினிமா. இவ்வளவையும் என்னிடம் சொல்லிவிட்டு, ஒவ்வொரு முறையும் போனை வைக்குமுன் ஒரே கேள்வி. “நைனா இன்னா சொன்னாரு?”

அவர் உன்னோடு பேசாமல் இருந்தவர் இல்லை. நீ ஊருக்கு வந்தால் மீன் வாங்கி வருவார், அங்கே சோறு கிடைக்கிறதா என்று கேட்பார். நடிப்பைப் பற்றி மட்டும் வாயே திறக்க மாட்டார். ராணி வேஷத்தில் நீ நின்ற படத்தை நான் கொண்டுபோய்க் காட்டினேன். கண்ணுக்குக் கிட்டே வைத்துப் பார்த்துவிட்டு, ஏரியில் இந்த வருஷம் தண்ணீர் எவ்வளவு என்று விசாரித்தார். ஒன்றும் சொல்லவில்லை என்றுதான் உனக்குச் சொன்னேன். வேறு என்ன சொல்ல?

அப்போதுதான் நீ கதாநாயகியாக நடித்த படம் வந்தது. உத்திரமேரூரில் லோக்கல் கேபிள் சேனல் நடத்துவது நானும் என் வீட்டுக்காரரும். அதில் உன் படத்தைப் போட வேண்டும் என்றாய். டைரக்டரிடம் கேட்டும் விட்டாய், அந்த ஆள் விழுந்து விழுந்து சிரித்துவிட்டுச் சம்மதித்தாராம். பிரெஞ்சுப் படம் இங்கே யாருக்கடி புரியும் என்றேன். “நான் தமிழ்ல பேசறேன், நீ போனை மைக்குல வையி” என்றாய்.

அந்த ஞாயிற்றுக்கிழமை சாயங்காலத்தை நினைத்தால் இப்போதும் சிரிப்பு வருகிறது. நீ அங்கேயும் நான் இங்கேயும் ஒரே சமயத்தில் படத்தை ஓடவிட்டோம். படத்தின் சத்தத்தை நான் குறைத்து வைத்தேன். எல்லாருக்கும் நீ ஒருத்தியே பேசினாய். வெள்ளைக்காரத் தபால்காரர் வாயைத் திறந்து மூடிய பிறகு, “இன்னாமா, நாஷ்டா துன்னியா?” என்று குரல் வந்தது. பாதிரியாரும் அப்படித்தான், பக்கத்து வீட்டுச் சீமாட்டியும் அப்படித்தான். இரண்டு பொம்பளைகள் ஒரே நேரத்தில் கத்துகிற இடம் வந்தபோது, ஒரு தொண்டை எப்படி இரண்டாகும், “நீ ஒருத்திக்குப் பேசுடி” என்று அதே மைக்கில் ஊர் கேட்கச் சொன்னாய். நானும் கத்தினேன். அதுவரை எங்கள் சேனலில் அறிவிப்பெல்லாம் என் வீட்டுக்காரர்தான் படிப்பார். மறுநாளிலிருந்து நான் படிக்கிறேன். மருந்துக் கடைக்குப் போனால்கூட என் குரலைக் கேட்டுத் திரும்பிப் பார்க்கிறார்கள். இது நீ எனக்குக் கொடுத்தது. உயிரோடு இருந்தபோது இதற்கு நான் ஒரு நன்றி சொன்னதில்லை, சொன்னால் கிண்டல் பண்ணுவாய் என்று. இப்போது சொல்கிறேன், கேட்டுக்கொள்.

பிறகு அந்தக் காட்சி வந்தது. படத்தில் உன் புருஷன் ரொட்டிக் கடைக்காரர். அவரைப் புதைத்துவிட்டு வந்த வீட்டில், கடை யாருக்கு என்று சொந்தக்காரர்கள் சண்டை போடுகிறார்கள். நீ எழுந்து சமையல்கட்டுக்குப் போய், வந்தவர்களுக்கெல்லாம் சமைக்க உருளைக்கிழங்கு சீவ ஆரம்பிக்கிறாய். நெடுநேரம். பேச்சில்லை, பாட்டில்லை. ஆபீஸ் போன் அடிக்கத் தொடங்கியது. சவுண்டு போய்விட்டது, ஒயரைப் பார் என்று ஊரே கூப்பிட்டுத் திட்டுகிறது. எனக்கே பயமாகி, லைன் கட்டாகிவிட்டதா என்று உன்னைக் கேட்டேன். வாயை மூடிக்கொண்டு படத்தைப் பார்க்கச் சொன்னாய். எங்கே பார்ப்பது? போன் எடுக்கவே எனக்குச் சரியாக இருந்தது.

படம் முடிந்ததும் வண்டியை எடுத்துக்கொண்டு நேராகத் திருப்புலிவனம் போனேன். நைனா டிவி முன்னால்தான் உட்கார்ந்திருந்தார். முழுதாகப் பார்த்திருக்கிறார். படம் எப்படி மாமா என்றேன். “அந்தூர்ல தினிக்கும் உருளைக்கெழங்குதான் துன்றாங்களா?” என்றார். அதை உன்னிடம் சொன்னபோது நீ சிரித்தாய். சிரித்து முடித்துவிட்டு, “அவ்ளோதானா?” என்றாய். அந்த ‘அவ்ளோதானா’ என்னைப் பல நாள் தூங்கவிடவில்லை.

இந்த வருஷம் உனக்கு உடம்பு முடியாமல் போனது. கடைசிப் போனிலும் மருந்தைப் பற்றிப் பேசவில்லை, நைனாவைப் பற்றித்தான் கேட்டாய். அங்கேயே உன்னை அடக்கம் செய்தார்கள். இங்கிருந்து ஒருவராலும் வர முடியவில்லை. பதினாறாம் நாள் காரியம் முடிந்ததும் தெரு ஜனம் என்னிடம் வந்தது. அந்தப் படத்தை இன்னொரு தரம் போடச் சொன்னார்கள். போடுவதில் ஒன்றுமில்லை. பேசுவது யார்? அன்று நீ பேசியதை நாங்கள் பதிவு பண்ணி வைக்கவில்லை. ஞாபகத்தில் இருப்பதை வைத்து நானே பேசிவிடுவது என்று, இந்தத் தடவை மறக்காமல் பதிவையும் போட்டுவிட்டு, மைக் முன்னால் உட்கார்ந்தேன்.

படம் தொடங்கப் போகிற நேரம். உங்க நைனா எங்கள் ஆபீஸ் மாடிப்படியில் சுவரைப் பிடித்துப் பிடித்து ஏறி வந்தார். கண்ணும் சரியில்லை, முட்டியும் சரியில்லை. என் பக்கத்தில் நாற்காலியை இழுத்துப் போட்டுக்கொண்டு, “மத்தவங்களுக்கு நீ பேசு. அவளுக்கு நான் பேசறேன்” என்றார்.

பேசினார். கூத்தை விட்டு எத்தனையோ வருஷமாகிறது. அந்தப் பெண் குரல் எங்கே இருந்ததோ, அப்படியே வந்தது. ஒரே ஒரு முறை கேட்ட உன் வசனம், முக்கால்வாசி அவருக்கு மனப்பாடம். மறந்த இடத்தில் அவரே போட்டுக்கொண்டார். கடையைக் கேட்டு வந்த கொழுந்தனுக்கு நீ கொடுத்ததைவிட இரண்டு வார்த்தை கூடுதலாகவே கொடுத்தார். கோபித்துக்கொள்ளாதே, அது நன்றாக இருந்தது.

பிறகு நீ எழுந்து சமையல்கட்டுக்குப் போனாய். கத்தியை எடுத்தாய். அவர் நிறுத்திவிட்டார். அறையில் ஃபேன் சத்தம் மட்டும். பழையபடி போன் அடிக்க ஆரம்பித்தது. நான் எடுக்கக் கை நீட்டினேன். நைனா என் கையைத் தட்டிவிட்டு, மைக்கைக் கிட்டே இழுத்தார். பெண் குரலை விட்டுவிட்டுத் தன் சொந்தக் குரலில் பேசினார்.

“யாரும் போன் பண்ணாதீங்க. சவுண்டு ஒண்ணும் போவல. இந்த எடத்துல பேச்சு கெடையாது. எம் பொண்ணு நடிச்சிக்கினு கீறா. பாருங்க.”

அதற்குப் பிறகு ஒரு போனும் வரவில்லை. கடைசிக் கிழங்கைச் சீவி நீ கையைத் துடைத்துக்கொள்ளும்வரை ஊர் உன்னைப் பார்த்தது. இந்த முறை நானும் பார்த்தேன். எவ்வளவு பெரிய நடிகையடி நீ.

அவரைப் படியிறக்கி ஆட்டோவில் ஏற்றிவிட்டு வந்தேன். வந்ததும் கை தன்னால் போனை எடுத்து உன் நம்பரைத் தேடியது. நீ கேட்டபோதெல்லாம் ஒன்றும் சொல்லவில்லை என்று சொல்லிச் சொல்லி எனக்கே வெட்கமாக இருந்தது. இப்போது அவர் சொன்ன சொல் என்னிடம் இருக்கிறது. அவர் குரலிலேயே இருக்கிறது. உனக்குச் சேர வேண்டியது, நான் வைத்திருக்கிறேன்.