பணிமுறிவு என்று எழுதப்பட்ட பதினொரு மாதங்கள்

அனுப்புநர்:
திருமதி த. ஜெயக்கொடி, எம்.எஸ்சி.,
வேதியியல் விரிவுரையாளர் (ஓய்வு),
7, ஏரிக்கரைத் தெரு, செம்பாக்கம், சென்னை - 73.

பெறுநர்:
கல்லூரிக் கல்வி இணை இயக்குநர் அவர்கள்,
சென்னை.

மதிப்பிற்குரிய ஐயா,

பொருள்: உயர் நீதிமன்ற ஆணைப்படி எனக்கு ஓய்வூதியம் வழங்குவதும், ஆய்வக உதவியாளர் திரு. முனிரத்தினத்தின் பணிப்பதிவேட்டைத் திருத்துவதும் தொடர்பாக.

1. தாம்பரம் சித்திரவேல் நினைவுக் கல்லூரியில் 1963 முதல் 31.05.1993 வரை பணியாற்றினேன். ஓய்வு பெற்றபோது, 1967 ஆகஸ்ட் முதல் பதினொரு மாதங்கள் நான் குழந்தை வளர்ப்பதற்காக வேலையை விட்டுப் போயிருந்ததாகக் கூறி, அப்போதைய செயலர் என் ஓய்வூதியத் தாள்களை அனுப்ப மறுத்தார். அவ்வாண்டின் வருகைப்பதிவேடு காணவில்லை என்றார். மகன் பிறந்த நாற்பத்து மூன்றாம் நாளே நான் வேலைக்குத் திரும்பியவள். பால் கொடுக்கும் நேரத்தில் என் தங்கை குழந்தையை ஆய்வகத்தின் பின்வாசலுக்குத் தூக்கி வருவாள். இதற்குச் சான்று கேட்டால் நான் எங்கே போவேன்?

2. 1994இல் வழக்குத் தொடுத்தேன். ஓராண்டு கையில் ஒரு தாளும் இல்லாமல் அலைந்தேன். ஒரு ஞாயிறு, ஊரப்பாக்கத்திலிருந்து திரு. முனிரத்தினம் வீடு தேடி வந்தார். “ஆசிட் குடுத்த நோட்டு ஸ்டோர் ரூம்ல பத்திரமா கீதும்மா. தெனமும் நீங்க கையெழுத்துப் போட்டுத்தான வாங்குனீங்க? வேலைய வுட்டுப் போனீங்கன்னு யாரு சொன்னது?” என்றார். நிர்வாகத்தின் கீழ் வேலையில் இருந்துகொண்டே, அதையே பிரமாணப் பத்திரமாகவும் எழுதிக் கொடுத்தார். நீதிமன்றம் அப்பதிவேட்டை வரவழைத்தது.

3. அந்தப் பதினொரு மாதங்களும் பணிக்காலமே என்றும், 30.04.1996க்குள் ஓய்வூதியம் வழங்க வேண்டும் என்றும் 11.01.1996 அன்று ஆணையாயிற்று. கல்லூரியின் புதிய செயலர் தம் கையாலேயே பதிவைத் திருத்தி, என்னிடம் வருத்தமும் தெரிவித்தார். சென்ற வாரம் தங்கள் அலுவலகத்துக்கு வந்தேன். பிரிவு எழுத்தர் என்னை உட்காரவைத்து, “எல்லாம் சரியா இருக்கு மேடம். ஐயா கையெழுத்து ஒண்ணுதான் பாக்கி” என்றார். மூன்று ஆண்டுகளுக்குப் பின் அன்று நிம்மதியாக வீடு திரும்பினேன்.

4. ஆயினும் ஒன்றைச் சொல்லாமல் இருக்க என் மனம் ஒப்பவில்லை. என் பதிவேட்டைத் திருத்தியபோதுதான், திரு. முனிரத்தினத்தின் பதிவேட்டிலும், அவர் எனக்காகப் பிரமாணப் பத்திரம் கொடுத்த பிறகு, அதே பதினொரு மாதங்கள் பணிமுறிவு என்று எழுதியிருப்பது தெரிந்தது. அவர் வரும் ஜூன் 30 அன்று ஓய்வு பெறுகிறார். “மொதல்ல உங்களுது முடியட்டும்மா, என்னுது அப்பால பாத்துக்கலாம்” என்கிறார். அமிலம் வாங்கியவளாக நான் ஒப்பமிட்ட ஒவ்வொரு வரியிலும், கொடுத்தவராக அவருடைய ஒப்பமும் இருக்கிறது. அப்பக்கங்களின் நகல்களை அவர் சம்மதத்துடன் இணைத்துள்ளேன்.

எனவே, என் ஓய்வூதியத்துக்கு ஒப்புதல் அளிப்பதோடு, அவர் ஓய்வு பெறும் முன்பே அவருடைய பதிவேட்டையும் திருத்த ஆணையிடுமாறு வேண்டுகிறேன். இரண்டில் எதை முதலில் எடுப்பது என்ற கேள்வி எழுந்தால், அவருடையதையே எடுக்கலாம். நீதிமன்றம் குறித்த நாள் தாண்டினாலும் நான் முறையிட மாட்டேன் என்பதை இதன்மூலம் எழுத்தில் தருகிறேன்.

இடம்: செம்பாக்கம்
நாள்: 18.03.1996

தங்கள் நற்செய்தியை எதிர்நோக்கும்,
த. ஜெயக்கொடி