நியெலேயின் நிறம்

கொரோபுகு,
3 அக்டோபர் 1974

அன்புள்ள மாப்பிள்ளை சுமானாவுக்கு,

உங்கள் வீடும் கடையும் அமைதியாயிருக்கட்டும். நான் எழுதும் சேதி நல்லதல்ல. இங்கே தங்க வந்த என் தங்கை நியெலே சந்தைக்குப் போகையில் கழுதை வண்டி கவிழ்ந்து, தலையில் அடி. ஒன்பது நாளாகக் கண் திறந்திருக்கிறது, பேச்சில்லை. வாயில் விட்ட கம்பங்கூழை விழுங்குகிறாள். டாக்டர் பார்த்துவிட்டு, "இருக்கலாம், இல்லாமலும் இருக்கலாம்" என்று போய்விட்டார்.

இனி நிறத்தைத்தான் கேட்க வேண்டும். நீங்கள் எங்கள் வழியில் பிறந்தவரல்ல, அதனால் திரும்பச் சொல்கிறேன். எங்களுக்கு மனசு என்பது உள்ளே விழித்திருக்கும் ஒரு நிறம். ஆளுக்கு ஒன்று. தன் நிறத்தை வெளியே கண்டால் அது எழுந்து வரும், கண் அசையும். மூன்று விடியல் காட்டியும் அசையாவிட்டால் ஆள் போய்விட்டார். பிறகு கூழ் ஊட்டுவது பாவம்.

இந்த ஊரில் நிறம் கேட்பவன் நான், என் தங்கைக்கும் நானேதான். அவள் நிறம் அண்ணனுக்குத் தெரியக் கூடாது. கல்யாணத்தன்று உங்கள் காதில் மட்டும் சொல்லியிருப்பாள். எழுதி அனுப்புங்கள்.

தியெமோகோ

மோப்தி,
7 அக்டோபர்

மச்சான்,

கடிதம் கண்டதிலிருந்து கை ஓடவில்லை. உடனே வர முடியாது. படகு நிறைய என் சரக்கு ஆற்றில் வருகிறது, நான் இல்லாவிட்டால் துறையிலேயே பாதி காணாமல் போகும். மறைத்துப் பேச எனக்கு வராது. எட்டே நாள். வந்து அவளைப் பெரிய ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோகிறேன்.

கண் அசையாவிட்டால்தான் என்ன? விழுங்குகிறாளே! விழுங்குகிறவளைப் போய்விட்டாள் என்று எப்படிச் சொல்வீர்கள்?

நிறம் கேட்டீர்கள். நீலம், அடர்நீலம். கடையிலிருந்தே நல்ல துணியாக எடுத்து லாரிக்காரரிடம் கொடுத்திருக்கிறேன். கட்டாயம் எழுந்து வருவாள்.

உங்கள்
சுமானா

கொரோபுகு,
18 அக்டோபர்

மாப்பிள்ளை,

நியெலேயை நேற்று அடக்கம் செய்தோம்.

துணி ஒன்பதாம் தேதி கிடைத்தது. மூன்று விடியலும் நானே விரித்துக் காட்டினேன். கண் அசையவில்லை. கூழை நிறுத்தச் சொன்னேன். ஊட்டிக்கொண்டிருந்த பக்கத்து வீட்டுப் பெண் சித்தான் சட்டியைக் கீழே வைக்க மாட்டேன் என்றாள்.

"அண்ணே, என் தலைத்துணியப் பாரு. இந்த மஞ்ச போற பக்கமெல்லாம் இவ கண்ணு வருது!"

"அது இவ நெறமில்ல சித்தான். வெளக்கப் பாத்து ஈ திரும்புதுல்ல, அது மாதிரி ஒடம்பு திரும்புது."

"ஈயா? ரெண்டு நாள் உன்னயப் பட்டினி போட்டுட்டு நீ எதுக்குத் திரும்புறேன்னு பாக்குறேன், இரு!"

சட்டியை நான்தான் பிடுங்கினேன். எட்டு நாள் என்று எழுதியிருந்தீர்களே என்று பெண்கள் வழியையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். ஐந்தாம் நாள் மூச்சு நின்றது.

தியெமோகோ

மோப்தி,
22 அக்டோபர்

மச்சான்,

படகு பதினாறாம் தேதிதான் வந்தது. இறக்கிவிட்டுப் புறப்படலாம் என்றிருந்தேன். அதை விடுங்கள். சொல்ல வேண்டியது வேறு.

கல்யாணத்தன்று அவள் என் காதில் சொன்னாள். வாசலில் இரண்டு வியாபாரிகள் காத்திருந்தார்கள், என் காது அவர்களிடம் இருந்தது. மறுபடி கேட்க வெட்கம். பதினெட்டு வருஷம் கேட்கவில்லை. தெரியாது என்று உங்களுக்கு எழுதியிருக்கலாம். ஆனால் கடையில் நின்று பழகிய வாய், இல்லை என்று சொல்லாது. எந்தத் துணியைக் காட்டினாலும் பார்ப்பாள் என்றும் நினைத்தேன். எப்போதும் நீலம்தானே கட்டினாள், நீலம் என்று எழுதிவிட்டேன்.

ஏன் நீலம் கட்டினாள் தெரியுமா? விலை போகாமல் தங்கியதெல்லாம் நீலம். நான் கொண்டுபோய்க் கொடுப்பேன், கட்டிக்கொள்வாள். ஒரு தடவை, "வேற நெறமே வராதா உங்க கடைக்கு?" என்றாள். "மொதல்ல இது கிழியட்டும்" என்றேன்.

மஞ்சளா, மச்சான்? அப்படிச் சொன்னது போலவும் இருக்கிறது. ஆனால் இப்போது ஆமாம் என்று சொன்னால், அதுவும் வியாபாரம்தான்.

நாற்பதாம் நாளுக்கு வருகிறேன். அடிப்பதானால் அடியுங்கள்.

சுமானா

கொரோபுகு,
29 அக்டோபர்

சுமானாவுக்கு,

உங்கள் கடிதத்தை ஊரைக் கூட்டிப் படித்தேன். நீங்கள் பொய் எழுதினீர்கள். அவள் கண் மஞ்சள் பக்கம் திரும்பியதை நான் பார்த்தேன். பார்த்துவிட்டும் உங்கள் எழுத்தை நம்பினேன். என் பிழை பெரிது. இனி இந்த ஊரில் யாருக்கும் நான் நிறம் கேட்கப்போவதில்லை.

நாற்பதாம் நாள் கணவன் வந்து நிறத்தை உரக்கச் சொல்லி, அந்தத் துணியை மண்மேட்டில் விரிக்க வேண்டும். சித்தான் தன் மஞ்சள் துணியை அவிழ்த்துக்கொண்டு வந்தாள். நான் வாங்கவில்லை. அதுவும் ஊகம்தான். ஊகித்து ஒரு தடவை அவளைக் கொன்றாயிற்று.

மேடு வெறும் மண்ணாகவே இருக்கட்டும். நீங்கள் வர வேண்டாம்.

தியெமோகோ