அண்ணனுக்காக நான் கொடுத்த வாக்கு

மார்ச் 12, 1796

மழை. அப்பாவுக்கு மறுபடியும் மூட்டுவலி. லயனல் அண்ணன் லண்டனில். அடிமை வியாபாரத்தை ஒழிக்கும் மசோதா செவ்வாயன்று பாராளுமன்றத்தில் ஓட்டுக்கு வருகிறது. சென்ற தேர்தலில் இதைச் சொல்லித்தான் அவனுக்காக ஊரெல்லாம் ஓட்டுக் கேட்டேன்.

மார்ச் 18

நான்கே ஓட்டில் தோற்றது. அண்ணன் சபைக்கே போகவில்லை!

மார்ச் 27

வந்தான். "ஜலதோஷம், லெட்டி."

"ஜலதோஷக்காரன் மாமனார் வீட்ல விடிய விடிய சீட்டாடுவானா?"

"அவருக்கு ஜமைக்காவுல கரும்புத் தோட்டம் இருக்கு. அடிமை இல்லாம யாரு வெட்டுவா? அவர் வயித்துல என்னை அடிக்கச் சொல்றியா?"

"அப்ப நான் வாசல் வாசலா குடுத்த வாக்கு?"

சிரித்தான். "தேர்தல்ல பேசினதை எவன்டி ஞாபகம் வச்சிருப்பான்?"

சர்க்கரைக் கிண்ணத்தைத் தூக்கிச் சுவரில் அடித்தேன். அண்ணி கத்தினாள். கத்தட்டும்.

மார்ச் 29

ஞாபகம் வைத்திருக்கிறார்கள். கசாப்புக்கடை ஹக்கின்ஸ் நடுச்சந்தையில் என்னை நிறுத்திவிட்டார். "உங்க வார்த்தைய நம்பித்தாம்மா போட்டேன். உங்கண்ணன் மூஞ்சிக்கா போட்டேன்?"

முகம் எரிந்தது. இப்போதும் எரிகிறது.

மே 21

மறுபடியும் தேர்தல். அண்ணனை எதிர்த்து பீர் காய்ச்சும் ட்விக் நிற்கிறார். கரடுமுரடான ஆள், ஆனால் மசோதாவை ஆதரிப்பேன் என்று பைபிள் மேல் சத்தியம் செய்தார். நாளை முதல் அவருக்காக ஓட்டுக் கேட்கப் போகிறேன். பயமாக இருக்கிறதா? இருக்கிறது. அதனால் என்ன?

மே 25

அப்பா தடியை ஊன்றிக்கொண்டு மாடியேறி வந்தார். "பிரபு வீட்டுப் பொண்ணு, சாராயக்காரனுக்குத் தெருத்தெருவா அலையறதா? மானம் போச்சு!"

"அவர் விக்கறது பீர்தான் அப்பா. உங்க பிள்ளை வித்தது என் வார்த்தையை."

கையை ஓங்கினார். நான் நகரவில்லை. அவர்தான் திரும்பிப் போனார்.

ஜூன் 3

ட்விக் வென்றார். என் பெட்டிகள் வாசலில் கிடக்கின்றன, மழையில். அம்மாவின் படத்தை மட்டும் தரமாட்டார்களாம்.

பிப்ரவரி 26, 1807

மசோதா பாராளுமன்ற ஓட்டில் வென்றுவிட்டது. எதிர்த்தவர்கள் ஒரு கைப்பிடி. ட்விக் ஒவ்வொரு முறையும் தவறாமல் ஆதரித்தார். பாவம், இதைப் பார்க்க அவர் உயிரோடு இல்லை.

நான் குடியிருக்கும் துணிக்கடை மாடிக்கு ஹக்கின்ஸ் பத்திரிகையோடு மூச்சிரைக்க ஏறி வந்து உரக்கப் படித்தார். லயனல் அண்ணனும் ஆதரித்தானாம் — மாமனார் விலைக்கு வாங்கித் தந்த வேறொரு தொகுதியிலிருந்து. 'இளமை முதலே இதற்காகப் போராடியவர்' என்று புகழ்ந்திருக்கிறார்கள். இளமை முதலே! மாமனார் போன வருடமே தோட்டத்தை நல்ல விலைக்குத் தள்ளிவிட்டார். அதை எழுதுவாரில்லை.

"என்னம்மா, கேட்டது கிடைச்சாச்சு. சந்தோஷப்படாம இப்படி முறைக்கிறீங்க?"

"சந்தோஷம்தான், ஹக்கின்ஸ்" என்றேன், பல்லைக் கடித்துக்கொண்டு.