காட்டுக்குள் போனவர்கள்

21 பெப்ரவரி 1979, புதன்

இன்று 'ஞ' எழுத வந்துவிட்டது. கொஞ்ச நாளாகக் கைக்கு மசியாத எழுத்து. மகள் யோகா எட்டிப் பார்த்து, "ஐயா, இது ஞாவோ நண்டோ?" என்றாள். நண்டென்றாலும் என் நண்டு. பள்ளிக்கூடம் போகாமல் சிறு வயதிலேயே கொழும்பில் பேக்கரிப் போறணைக்கு முன்னால் நின்றவன், எழுபது கடந்து, கடலும் கடந்து, வெள்ளைக்காரர் ஊரான ஸ்பிரிங்வேலில் மகள் வீட்டுக் குசினிக் கதிரையில் இருந்து எழுதுகிறேன். யோகா எழுத்தைத்தான் சொல்லித் தந்தாள், எழுதுவது என் மனதில் இருப்பதை. சிரிப்புச் சிரிப்பாக வருகிறது.

மார்கழியில் வந்த நித்தியின் கடிதத்தை நானே வாசித்தேன். யோகா வாசித்துக் காட்டியபோது அவள் குரல் கேட்டது. நான் வாசிக்க என் மகனின் குரலே கேட்டது. கம்பாலாவில் கணக்குப் படிப்பிக்கிறான். கசுபி என்ற குன்றுக்கு அரசர்களின் சமாதி பார்க்கப் போனானாம். மலைபோல ஒரு புல்வீடு. உள்ளே மரப்பட்டையை அடித்துச் செய்த துணியால் திரை. திரைக்குப் பின்னால் நான்கு அரசர்கள். கடைசி அரசரை நாட்டைவிட்டுத் துரத்திவிட்டார்கள். லண்டனில் முடிந்துபோனார். பிறகு உடலைக் கொண்டுவந்து அங்கே வைத்தார்களாம். அந்தச் சனம் அரசர் செத்தார் என்று வாயால் சொல்லாது. 'காட்டுக்குள் போய்விட்டார்' என்றுதான் சொல்லும். திரைக்குப் பின்னால் உள்ள இடத்தின் பெயரே காடுதான்.

அழகான கதை. இரண்டு தரம் வாசித்தேன்.

26 பெப்ரவரி, திங்கள்

மசாக்கா. இன்று எழுதப் பழகிய சொல். ஏன் பழகினேன்?

மருமகன் கணேசலிங்கம் றேடியோவில் இங்கிலிஸ் செய்தி கேட்டுத் தமிழில் சொன்னார். போன வருடம், நித்தி இருக்கிற நாட்டை ஆளுகிற அமீனின் படை எல்லை தாண்டித் தன்சானியாவுக்குள் போய் எரித்தது, கொள்ளையடித்தது. இப்போது தன்சானியாப் படை திருப்பி அடித்துக்கொண்டு வருகிறது. மசாக்காவைப் பிடித்துவிட்டதாம். அட்லஸில் பார்த்தேன். மசாக்காவுக்கும் கம்பாலாவுக்கும் இடையில் என் சுண்டுவிரல் நகம்கூட நிற்காது.

7 மார்ச், புதன்

'உடனே வா' என்று ரெலிகிராம் அடித்திருந்தோம். பதில் வந்தது. விடுதியில் போக இடமில்லாத பிள்ளைகள் இருக்கிறார்களாம், அவர்களை விட்டு வரமாட்டானாம்.

"ஆற்றையோ பிள்ளையளுக்காக!" என்று யோகா குசினியில் சட்டியைப் போட்டு உடைத்தாள். உண்மையாகவே உடைத்தாள்.

எழுபத்திரண்டில் இந்தியச் சனத்தை எல்லாம் ஒரு பெட்டியோடு துரத்தினார்கள். வாத்திமார் தேவை என்று இவனைப் போன்ற ஆட்களை மட்டும் விட்டார்கள். அன்றைக்கு நான் பெருமைப்பட்டேன். துரத்தியிருக்கலாம்.

18 மார்ச், ஞாயிறு

தன்சானியாத் தலைவரும் முன்பு பள்ளிக்கூடத்தில் படிப்பித்தவராம். அவரைச் சனம் 'வாத்தியார்' என்றுதான் கூப்பிடுமாம்.

"அப்ப வாத்தியாற்றை படை வாத்தியை ஒண்டும் செய்யாது" என்றேன்.

கணேசலிங்கம் சிரித்தார். பிறகு, "குண்டுக்கு அது தெரியாது மாமா" என்றார்.

அதை அவர் சொல்லாமல் இருந்திருக்கலாம்.

9 ஏப்ரல், திங்கள்

எண்டெபே. விமானம் இறங்கும் இடம். அதுவும் போயிற்று. இனி அவன் வர நினைத்தாலும் எதில் வருவான்?

அட்லஸை மூடி வைத்துவிட்டேன்.

12 ஏப்ரல், வியாழன்

கம்பாலா விழுந்துவிட்டது. சனம் தெருவில் ஆடுகிறதாம், கடைகளை உடைக்கிறதாம். அமீன் ஓடிவிட்டார். ஓடுகிற படை போகிற வழியெல்லாம் சுடுகிறதாம். அது ஜின்ஜாப் பக்கம் ஓடுகிறது. நித்தியின் பள்ளிக்கூடம் ஜின்ஜா றோட்டில்.

'ஜ' எனக்கு யோகா கடைசியாகச் சொல்லித் தந்த எழுத்து.

14 ஏப்ரல், சனி

வருடப்பிறப்பு. யோகா பொங்கினாள். ஒருவரும் வாயில் வைக்கவில்லை. வெள்ளைக்காரருக்கு ஈஸ்டர், தபால் கந்தோர் பூட்டு. ரெலிகிராம் வராது. வராமல் இருப்பதற்கு ஒரு காரணம் இருக்கிறது என்று கொஞ்சம் ஆறுதல். இது என்ன ஆறுதல்?

16 ஏப்ரல், திங்கள்

ரெலிபோன் வந்தது. நைரோபியிலிருந்து இரத்தினசிங்கம், நித்தியோடு படிப்பித்தவர். யோகா எடுத்தாள். கடலுக்கு அடியிலிருந்து பேசுவதுபோல இரைச்சல். "என்ன? எங்கை? கேக்கேல்லை!" என்று கத்தினாள். லைன் அறுந்துவிட்டது.

ரிசீவரை வைத்துவிட்டுச் சிரித்தாள். அழுதுகொண்டு சிரித்தாள்.

"ஐயா, நித்தி காட்டுக்குள்ள போயிட்டானாம்! ஒளிச்சிருக்கிறான்! ஞாயிற்றுக்கிழமை திருப்பி எடுக்கிறன் எண்டவர்."

நான் கதிரையைப் பிடித்துக்கொண்டேன். ஓம் என்றேன். நல்லது பிள்ளை என்றேன்.

அவளுக்கு அந்தக் கடிதம் ஞாபகமில்லை. அவள் வாசித்தது ஒரே ஒரு தரம். நான் எத்தனை தரம் வாசித்தேன்! இரத்தினசிங்கம் பல வருடம் அந்த ஊரில் இருந்த மனிசன். ஒரு பெண்பிள்ளைக்கு ரெலிபோனில் எப்படிச் சொல்வது என்று, அந்தச் சனத்தின் மரியாதைச் சொல்லால் சொல்லியிருந்தால்?

வாசிக்கத் தெரியாமல் இருந்திருந்தால் இன்று நானும் அவளோடு சேர்ந்து சிரித்திருப்பேன்.

17 ஏப்ரல், செவ்வாய்

சொல்லவில்லை.

19 ஏப்ரல், வியாழன்

யோகா பாட்டு முணுமுணுத்துக்கொண்டு உடுப்புத் தோய்க்கிறாள். தம்பி வந்தால் படுக்க முன்னறையை ஒதுக்குகிறாள். "ஐயா, அவனுக்கு இந்தக் கட்டில் காணுமோ?" காணும் பிள்ளை. என்னால் அவள் முகத்தைப் பார்க்க முடியவில்லை.

இரத்தினசிங்கத்தின் நம்பர் எங்களிடம் இல்லை. ஞாயிறு வரைக்கும் நான் என்ன செய்ய? அரசனுக்குச் சொல்கிற சொல்லை ஒரு கணக்கு வாத்திக்குச் சொல்வார்களா? சொல்லமாட்டார்கள். ஆனால் அவனில் அன்பு வைத்தவர்கள் சொல்வார்களே. ஐயோ, அவனில் ஆர்தான் அன்பு வைக்கமாட்டினம்.

'ஞ' திரும்பவும் நண்டாகிவிட்டது.

22 ஏப்ரல், ஞாயிறு

காலையிலிருந்து ரெலிபோனுக்குப் பக்கத்தில் இருந்தேன். மணி அடித்தது. யோகா ஓடிவர முன்னமே எடுத்துவிட்டேன்.

"தம்பி, நான் நித்தியின்ரை ஐயா. ஒண்டு மட்டும் சொல்லு. மரக்காடோ, துணிக்காடோ?"

மறுபக்கத்தில் இரைச்சல் மட்டும். யோகா எனக்கு விசர் என்பதுபோலப் பார்த்தாள். அந்த இரைச்சலுக்குள் நான் செத்துச் செத்து நின்றேன்.

பிறகு இரத்தினசிங்கத்துக்கு விளங்கிவிட்டது.

"ஐயோ ஐயா! மரக்காடு, மரக்காடு! நுளம்பு கடிக்கிற காடு! பள்ளிக்கூடக் காவல்காரன் விடுதிப் பிள்ளையளையும் இவனையும் மபீராக் காட்டுக்குள்ள கூட்டிக்கொண்டு போனவன். இவனுக்கு மலேரியா. ஆனா ஆள் உயிரோட இருக்கிறான், நேற்று ஒருத்தர் கண்டு கதைச்சவர்!"

நான் நிலத்தில் இருந்துவிட்டேன். யோகா ரிசீவரைப் பறித்தாள். எல்லாம் கேட்டு முடித்துவிட்டு என் பக்கத்தில் வந்து இருந்தாள்.

"ஒரு கிழமையா இதை நெஞ்சுக்குள்ள வச்சிருந்தனீங்களோ?"

"ஓம்."

"நீங்கள் எழுதப் படிச்சது காணும்" என்று சொல்லி என் முதுகில் அடித்தாள். நல்ல அடி.

16 ஜூன், சனி

நித்தி வந்துவிட்டான். விமானத்தால் இறங்கி வந்தவனை எனக்கு அடையாளம் தெரியவில்லை. அரைவாசி ஆள். கண் மட்டும் அவனுடையது.

மூன்று மாத விசா. கணேசலிங்கம் வேலைக்கு ஒழுங்கு செய்யலாம் என்கிறார். எனக்கு அது போதும்.

19 ஓகஸ்ட், ஞாயிறு

சாப்பிடும்போது நித்தி சொன்னான். பள்ளிக்கூடம் திறந்துவிட்டதாம், கணக்குக்கு ஆள் இல்லையாம். இரவில் இன்னும் சுடுகிறார்கள் என்று இரத்தினசிங்கம் எழுதியிருக்கிறார். அதையும் அவனே சொன்னான், மறைக்கவில்லை.

யோகா தட்டோடு எழும்பிப் போனாள்.

நான் அவனைப் பார்த்தேன். 'வேண்டாம்' என்று சொல்ல வாய் திறந்தேன். "அந்தக் காவல்காரன் சுகமோ?" என்றுதான் வந்தது.

"ஓம் ஐயா. அவன்ரை மகளும் என்ரை வகுப்புத்தான்."

அதற்கு மேல் நான் என்ன கேட்க?

9 செப்டெம்பர், ஞாயிறு

நித்தி திரும்பிப் போய் ஒரு கிழமை. அவனுக்கு எழுதின கடிதத்தின் உறைக்கு மேலே இங்கிலிஸ் எழுத்து வேண்டும். கம்பாலாவுக்கு ஏழு எழுத்து. அதில் மூன்று ஒரே எழுத்துத்தான், கூடாரம்போல இருக்கும். ஆகவே பழக வேண்டியது ஐந்துதான். யோகா எழுதித் தருகிறேன் என்றாள், வேண்டாம் என்றுவிட்டேன். என் எழுத்தைக் கண்டால் அவன் சிரிப்பான்.

இரண்டு கூடாரம் சரியாக வந்துவிட்டது. மூன்றாவது சரிகிறது. நாளைக்குத் தபால்காரன் வர முன்னம் அதையும் நிமிர்த்திவிட வேண்டும்.